தறி ஓட்டிய ‘சூப்பர்மேன்’

(நமது ஆனேக்கல் நிருபர்)

‘ஷோலே’ படத்தைப் பார்க்காதவர்கள் நம்மில் மிகக் குறைவு. 1975-ம் ஆண்டு ஆகஸ்டு 15-ந் தேதி வெளியான இந்திப் படம் அது. அதில் கப்பர்சிங் உட்கார்ந்து மிரட்டும் பாறைகள் வடநாட்டில் எங்கோ இருப்பதாகத்தான் பலர் இன்றும் நினைக்கிறார்கள். இல்லை! பெங்களூரிலிருந்து மைசூர் ரயிலில் ஏறினால் ஒரு மணி நேரத்தில் வரும் ராமநகரத்துப் பாறைகள்தான் அவை.

அந்தப் படத்தின் ரயில் கொள்ளைக் காட்சியை எடுக்க மட்டும் பம்பாய்க்குப் பக்கத்தில், பன்வேல் ரயில் பாதையில், ஏழு வாரம் பிடித்ததாம். ரயில்வேயில் குமாஸ்தாவாக இருக்கும் எனக்கு அதைப் படித்தபோதே தலை சுற்றியது. ஒரு காட்சிக்கு ஏழு வாரம் ரயிலும் பாதையும் வேண்டுமென்றால் எவ்வளவு பணம் செலவாகியிருக்கும்!

ஆனால் அதே ‘ஷோலே’யைச் சுமார் 50 ஆயிரம் ரூபாயில் மறுபடியும் எடுத்த ஊர் ஒன்று உண்டு. குதிரை வாங்கக் காசில்லை. அதனால் கொள்ளைக்காரர்கள் சைக்கிளில் வந்தார்கள்! ஊரே வயிறு வலிக்கச் சிரித்தது.

அந்த ஊரில் ஒரு தறித் தொழிலாளி இருந்தார். ஊதினால் பறந்துவிடுவது போன்ற உடம்பு. அவருக்கு ‘சூப்பர்மேன்’ வேஷம் கொடுத்துப் பறக்க வைத்தார்கள். அவர் பெயர் ஷபீக் ஷேக். அவருடைய கதையைத்தான் இன்று வாசகர்களுக்குச் சொல்லப் போகிறேன். சிரிப்பாகத் தொடங்கும் கதைதான். முடிவு சிரிப்பல்ல.

செல்போனில் வந்த படம்

இந்தக் கதையை எனக்குச் சொன்னவர் ஒரு தறிக்காரர். ஆனேக்கல் பட்டு நெசவு நடக்கும் ஊர் என்பது நம் வாசகர்களுக்குத் தெரியும். சேலம் பக்கத்திலிருந்து வந்து இங்கே தறி ஓட்டும் நண்பர் அவர். பெயர் வேண்டாம். அவரே வேண்டாம் என்று சொல்லிவிட்டார்.

பொங்கல் விழாவில் அவர் மேடை ஏறினால் போதும், கூட்டம் சிரிக்கத் தொடங்கிவிடும். எம்.ஆர்.ராதா குரலில் முதலாளியைப் பேச வைப்பார். தறி ஓடும் சத்தத்தை வாயாலேயே அடிப்பார். நடுவில் நூல் அறுந்து தறி நிற்கும். அந்த நிசப்தத்தில் மேஸ்திரி இருமும் இருமல் ஒன்று போதும், தறிக்காரர்கள் எல்லோரும் உருண்டு விழுவார்கள். மற்றவர்களுக்கு அது ஏன் சிரிப்பு என்றே புரியாது.

ஒரு நாள் டீக்கடையில் அவர் செல்போனை என் முன் நீட்டினார்.

“கிளார்க்கண்ணா, இதைப் பாருங்க. இவனும் நம்மாட்டம் தறிக்காரன்தான். சூப்பர்மேனா நடிச்சிருக்கான்!”

பார்த்தேன். நீலச் சட்டை, சிவப்புத் துணி, அதற்குள் ஒரு குச்சி உடம்பு. கால்சட்டையில் நாடா வெளியே தொங்குகிறது. பயில்வான் போல மார்பை நிமிர்த்தப் பார்க்கிறார். நிமிர்த்த அங்கே ஒன்றும் இல்லை. நான் சிரித்துவிட்டேன். நண்பரும் சிரித்தார். ஆனால் அவர் வாய் முழுதாகத் திறக்கவில்லை. அதை அன்று நான் கவனித்தேன், பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. அதைப் பிறகு சொல்கிறேன்.

பிழைக்க வந்தவர்கள் கட்டிய ஊர்

அந்த ஊரின் பெயர் மாலேகாவ். மராட்டிய மாநிலம் நாசிக் மாவட்டத்தில் இருக்கிறது. ஊருக்குள் ரயில் கிடையாது. பெங்களூரிலிருந்து டெல்லி போகும் கர்நாடகா எக்ஸ்பிரசில் ஏறி மன்மாட் சந்திப்பில் இறங்கி, அங்கிருந்து பஸ்சில் போக வேண்டும். பம்பாய் – ஆக்ரா நெடுஞ்சாலை அந்த ஊர் வழியாகப் போகிறது.

அந்தச் சாலைதான் ஊரை வளர்த்தது. 1857-ம் ஆண்டுக் கலகத்துக்குப் பிறகு, வடக்கே உத்தரப் பிரதேசத்துப் பக்கமிருந்து முஸ்லிம் நெசவாளர்கள் பிழைப்புத் தேடி அந்தச் சாலை வழியாகத் தெற்கே வந்தார்கள். மாலேகாவில் தங்கித் தறி போட்டார்கள். கைத்தறி பின்னால் விசைத்தறி ஆனது. இன்று அங்கே லட்சத்துக்கு மேல் விசைத்தறிகள் ஓடுகின்றன. ஊரின் நடுவே மோசம் என்ற ஆறு ஓடுகிறது. ஒரு கரையில் பெரும்பாலும் முஸ்லிம்கள், மறு கரையில் பெரும்பாலும் இந்துக்கள்.

ஊரை விட்டு வந்து வேற்று மாநிலத்தில் பிழைக்கும் நமக்கு, இப்படிப்பட்ட ஊர் எப்படி இருக்கும் என்று யாரும் விளக்க வேண்டியதில்லை. வாரம் முழுவதும் தறிச் சத்தம். தொழிலாளிக்கு ஒரு நாள் விடுமுறை. நமக்கு ஞாயிறு என்றால் அவர்களுக்கு வெள்ளிக்கிழமை. தொழுகை முடிந்ததும் சினிமா. சினிமா கொட்டகைகளிலும் வீடியோ கொட்டகைகளிலும் கூட்டம் அலைமோதும். பிடித்த நடிகர் திரையில் வந்தால் உள்ளேயே பட்டாசு வெடிப்பார்கள்.

வெளியூர்க்காரர்களுக்கு மாலேகாவ் என்றால் வேறு ஞாபகம்தான் வரும். 2006-ம் ஆண்டு செப்டம்பர் 8-ந் தேதி அங்கே குண்டுகள் வெடித்து முப்பதுக்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். 2008-ம் ஆண்டு செப்டம்பரில் மறுபடியும் குண்டு வெடித்தது. பத்திரிகைகளில் அந்த ஊர்ப் பெயர் வந்தாலே ரத்தச் செய்தி என்று ஆகிவிட்டது. அப்படிப்பட்ட ஊர்தான் இந்தியாவுக்கு ஒரு சிரிப்பு சூப்பர்மேனைக் கொடுத்தது.

இல்லாமையே நகைச்சுவை

நசீர் ஷேக் என்பவர் அங்கே வீடியோ கொட்டகை நடத்தி வந்தார். சார்லி சாப்ளின், பஸ்டர் கீட்டன் முதலானோரின் பழைய ஊமைப் படங்களைப் பார்த்துப் பார்த்துப் படம் எடுக்கும் ஆசை அவருக்கு வந்துவிட்டது. எந்தப் பள்ளிக்கூடத்திலும் போய் அவர் சினிமா படிக்கவில்லை. இரண்டு வீடியோ ரெக்கார்டர்களை வைத்துக்கொண்டு படத்தொகுப்பைத் தானே கற்றுக்கொண்டார்.

அது எப்படிப்பட்ட வேலை தெரியுமா? ஒரு ரெக்கார்டரில் எடுத்த படம் ஓடும். இன்னொன்றில் புதிய நாடா சுழலும். வேண்டிய காட்சி வரும்போது பதிவுப் பொத்தானை அழுத்த வேண்டும். முடிந்ததும் நிறுத்த வேண்டும். கண் இமைக்கும் நேரம் தவறினாலும் திரும்ப முதலிலிருந்து! ஒரு நாடாவிலிருந்து இன்னொரு நாடாவுக்குப் போகும்போது ஒவ்வொரு முறையும் படம் கொஞ்சம் மங்கும். அறுந்த இழையைத் தேடிப் பிடித்து முடிச்சுப் போடும் ஊர்க்காரருக்கு அந்தப் பொறுமை கைவந்த கலை என்றால் மிகையாகாது.

2000-ம் ஆண்டில் அவர் எடுத்த ‘மாலேகாவ் கே ஷோலே’ ஊரைக் கலக்கியது. திருமண வீட்டுப் படம் எடுக்கும் காமிரா மாதிரியான வீடியோ காமிரா. நடிகர்கள் எல்லோரும் உள்ளூர்க்காரர்கள். தறித் தொழிலாளி, கடைக்காரர், வேலையில்லாதவர் என்று யார் யாரோ. பெரும்பாலும் சம்பளம் கிடையாது. உள்ளூர்ப் பெண்கள் நடிக்க வரமாட்டார்கள். ஆகவே நடிகைகளை வெளியூரிலிருந்து அழைத்து வந்தார்கள். மொத்தச் செலவில் அது பெரிய பங்கு.

இதில் ஒரு சூட்சுமம் இருக்கிறது. 50 ஆயிரம் ரூபாயில் உண்மையான ‘ஷோலே’யை எடுக்க முடியாது. எடுத்தால் பார்க்கிறவர் பரிதாபப்படுவார். ஆனால் ‘இது எங்களால் முடியாது’ என்பதையே படமாக எடுத்தால்? குதிரைக்குப் பதில் சைக்கிள் வரும்போது, பார்க்கிற தறிக்காரருக்குத் தன் வீட்டுச் சைக்கிள் தெரியும். தன் ஏழ்மையை வேறொருவர் கேலி செய்தால் கோபம் வரும். தானே கேலி செய்தால் சிரிப்பு வரும். நம் ஊரில் விஜய் டி.வி.யில் வந்த ‘லொள்ளு சபா’வையும் 2010-ம் ஆண்டு வந்த ‘தமிழ்ப் படம்’ என்ற படத்தையும் ரசித்தவர்களுக்கு இந்தக் கேலிப் பட வகை புதிதல்ல. வித்தியாசம் என்னவென்றால், அவற்றுக்குப் பின்னால் டி.வி. நிறுவனமும் சினிமாக் கம்பெனியும் இருந்தன. மாலேகாவில் வெள்ளிக்கிழமை விடுமுறை மட்டுமே இருந்தது.

குச்சி உடம்புக்குக் கிடைத்த வேஷம்

பின்னர் நசீர் கண் வைத்தது அமெரிக்காவின் சூப்பர்மேன் மேல். ‘மாலேகாவ் கா சூப்பர்மேன்’ என்று பெயர். கதாநாயகனாக ஷபீக் ஷேக்கைப் போட்டார்.

ஏன் அவரை? உடம்புதான் காரணம். பயில்வான் ஒருவரைப் போட்டிருந்தால் அது நகல். ஷபீக்கைப் போட்டதால் அது நகைச்சுவை. நம் ‘ஓமக்குச்சி’ நரசிம்மன் கராத்தே வீரர் போல நின்றால் நாம் சிரித்தோமே, அதே கணக்குத்தான்.

ஆனால் வெறும் உடம்பு போதாது. மெலிந்த மனிதர்கள் எந்த ஊரிலும் ஆயிரம் பேர் இருப்பார்கள். ஷபீக்கின் விசேஷம், அவர் சிரிப்பு மூட்ட முயலுவதில்லை. கூச்சத்தோடு, அடக்கத்தோடு, நிஜமாகவே தன்னால் உலகத்தைக் காப்பாற்ற முடியும் என்று நம்புகிறவர் மாதிரி நிற்பார். அந்த நம்பிக்கைதான் பார்க்கிறவரைச் சிரிக்கவும் வைத்தது, அவர்மேல் பிரியம் கொள்ளவும் வைத்தது.

படம் எடுத்த விதமே ஒரு தனிப் படம். சூப்பர்மேன் பறக்க வேண்டும். அதற்குப் பச்சைத் துணியைக் கட்டி அதன் முன்னால் நடிக்க வைத்து, பிறகு கம்ப்யூட்டரில் பச்சையை நீக்கி ஆகாயத்தைச் சேர்க்க வேண்டும். நசீர் அதைத் தானே கற்றுக்கொண்டு வந்தார். சில காட்சிகளுக்கு வண்டியிலிருந்து நீட்டிய கம்பத்தில் ஷபீக்கைக் குப்புறப் படுக்க வைத்தார்கள். வண்டி ஓட, அவர் கைகளை முன்னால் நீட்டிக்கொண்டு ‘பறந்தார்’. வயிற்றில் கம்பம் அழுத்தும். முகத்தில் வலி தெரியக் கூடாது!

ஒரு நாள் காமிரா தண்ணீருக்குள் விழுந்துவிட்டது. ஒரே காமிரா! எல்லோருடைய முகமும் வெளுத்துவிட்டது. அதைப் பழுது பார்க்கும் வரை படப்பிடிப்பு நின்றது. பிறகு இன்னொரு தடை வந்தது. அது நல்ல தடை. கதாநாயகனுக்குக் கல்யாணம்! சூப்பர்மேன் மாப்பிள்ளையானார். கல்யாணம் முடித்துத் திரும்பி வந்து மறுபடி பறந்தார்.

இவையெல்லாம் நமக்கு எப்படித் தெரியும்? பைசா அகமது கான் என்ற பெண் டைரக்டர் அங்கே போய், படம் எடுப்பவர்களையே படம் எடுத்தார். ‘சூப்பர்மென் ஆப் மாலேகாவ்’ என்ற அந்த ஆவணப்படம் பல நாட்டு விழாக்களில் காட்டப்பட்டுப் பாராட்டுப் பெற்றது. 2012-ம் ஆண்டு ஜூன் 29-ந் தேதி இந்தியாவில் தியேட்டர்களிலும் வெளியானது.

பம்பாய் போகாத நடிகர்

அந்தக் கோஷ்டியில் எழுத்தாளர் ஒருவர் இருந்தார். பரோக் ஜாப்ரி என்று பெயர். பம்பாய்ச் சினிமாவுக்கு எழுத வேண்டும் என்ற ஏக்கம் அவருக்கு. பம்பாய் அங்கிருந்து சுமார் 300 கிலோ மீட்டர்தான். பஸ் ஏறினால் ஒரு பொழுதில் போய்விடலாம். ஆனாலும் அந்தத் தூரத்தைத் தாண்டுவது அவர்களில் பலருக்கு முடியவில்லை.

இதைப் படிக்கிற வாசகர்களில் எத்தனை பேருக்குக் கோடம்பாக்கம் அப்படி ஒரு தூரத்தில் நின்றுபோயிருக்கும்! நானும் ஒரு காலத்தில் ரயில்வே இன்ஸ்டிடியூட் நாடகத்தில் போஸ்ட்மேனாக வந்தேன். மொத்தம் இரண்டு வசனம். கைதட்டல் வாங்கிய அன்று இரவு தூக்கம் வரவில்லை. சென்னைக்குப் போகலாமா என்று யோசித்தேன். காலையில் ஆறு மணி டியூட்டி. போய்விட்டேன், டியூட்டிக்குத்தான்.

சினிமாவில் சின்ன நடிகர்களின் கணக்கே வேறு. 1967-ம் ஆண்டு ‘நான்’ படத்தில் ‘என்னத்தே’ என்ற ஒரே சொல்லை இழுத்துச் சொன்னார் கன்னையா. அந்தச் சொல்லே அவருக்குப் பெயராக ஒட்டிக்கொண்டது. எத்தனையோ பெரிய நடிகர்களின் வசனங்கள் மறந்துபோயின. ‘என்னத்தே’ கன்னையாவை 2012-ம் ஆண்டு அவர் மறைந்த பிறகும் ஜனங்கள் மறக்கவில்லை. ஒரு சொல், ஒரு இருமல், ஒரு நடை. சின்ன நடிகருக்குக் கிடைப்பது அவ்வளவுதான். அதில் ஒரு மனிதரின் முழுத் திறமையும் அடங்க வேண்டும்.

ஷபீக்குக்கு அதுகூடச் சொந்த ஊர் எல்லைக்குள்தான். ஆனால் அந்த எல்லைக்குள் அவர் ராஜா. கன்னையாவுக்குக் கைதட்டியவர்கள் முகம் தெரியாதவர்கள். ஷபீக்குக்குக் கைதட்டியவர்கள் பக்கத்துத் தறிக்காரர், எதிர் டீக்கடைக்காரர், தெருப் பிள்ளைகள். இதில் எது பெரிய புகழ் என்று கேட்டால் எனக்குச் சட்டென்று பதில் சொல்லத் தெரியவில்லை.

வில்லன் திரையை விட்டு இறங்கினான்

இனி இந்தக் கதையின் கொடுமையான பகுதிக்கு வருகிறேன்.

‘மாலேகாவ் கா சூப்பர்மேன்’ படத்தில் சூப்பர்மேன் யாரை எதிர்த்துப் போராடுகிறார் தெரியுமா? புகையிலையை! ஊரை அசுத்தப்படுத்தி, ஜனங்களை மென்று துப்ப வைக்கும் வில்லன் ஒருவன் வருகிறான். அக்ரம் கான் என்பவர் அந்த வேஷத்தில் நடித்தார். அவன் கொட்டத்தை சூப்பர்மேன் அடக்க வேண்டும். தறித் தொழிலாளிகள் குட்கா மென்று கெட்டுப்போவதைக் கண்ணால் கண்டவர்கள் எழுதிய கதை அது.

நிஜத்தில் நடந்தது தலைகீழ். ஷபீக்குக்கு வாயில் புற்றுநோய் வந்தது. ஆகாயத்தில் பறந்தவர் படுக்கையில் விழுந்தார். படம் அவருடைய ஊரில் திரையிடப்பட்ட அதே சமயத்தில், 2011-ம் ஆண்டு, அவர் இறந்துபோனார். ஆவணப்படம் தியேட்டருக்கு வருவதற்குள் அதன் நாயகன் இல்லை. நாடு முழுவதும் பத்திரிகைகள் அவரைப் பாராட்டி எழுதின. படிக்க அவர் இல்லை.

மராட்டிய அரசு 2012-ம் ஆண்டு ஜூலையில் குட்காவைத் தடை செய்தது. ஷபீக் போன மறு வருஷம்!

தறி ஓட்டுகிறவர் ஏன் மெல்லுகிறார்? இதைக் குற்றமாகச் சொல்லுகிறவர்கள் பன்னிரண்டு மணி நேரம் தறியின் முன்னால் நின்று பார்க்க வேண்டும். பேச முடியாத சத்தம். நூல் அறுந்தால் ஓட வேண்டும். கண் அசந்தால் துணி பாழ். இரவு ஷிப்டில் தூக்கம் வராமலிருக்க, பசி தெரியாமலிருக்க, ஒரு பொட்டலம். பீடி பிடிக்க வெளியே போக வேண்டும். பஞ்சுக்கும் நூலுக்கும் நடுவில் நெருப்பு ஆகாது. பொட்டலத்துக்கு அந்தத் தொல்லை இல்லை. நின்ற இடத்திலேயே கன்னத்தில் ஒதுக்கிக்கொள்ளலாம். அதனால்தான் அது தொழிற்சாலைகளின் வாசலில் இவ்வளவு விற்கிறது.

இறந்த பிறகு கிடைத்த பெரிய படம்

கதை அத்துடன் முடியவில்லை. மாலேகாவ்க்காரர்களைப் பற்றியே பம்பாயில் ஒரு பெரிய படம் எடுத்தார்கள். ரீமா காக்டி டைரக்டு செய்த ‘சூப்பர்பாய்ஸ் ஆப் மாலேகாவ்’. 2024-ம் ஆண்டு செப்டம்பரில் கனடா நாட்டு டொரோண்டோ பட விழாவில் முதன்முதலாகக் காட்டப்பட்டது. 2025-ம் ஆண்டு பிப்ரவரி 28-ந் தேதி இந்தியாவில் வெளியானது. நசீராக ஆதர்ஷ் கவுரவ் நடித்தார். ஷபீக்காக ஷஷாங்க் அரோரா நடித்தார்.

யோசித்துப் பாருங்கள். ஒரு காலத்தில் ஷபீக், அமெரிக்கப் படத்தின் நகலில் நடித்தார். இன்று பம்பாய் நடிகர் ஒருவர் ஷபீக்கின் நகலாக நடிக்கிறார்! அசல் எது, நகல் எது?

இப்போது மாலேகாவில் வீடியோ கொட்டகைக் காலம் போய்விட்டது. செல்போன் வந்தது. படம் எடுப்பதும் பார்ப்பதும் அதிலேயே. அந்தப் பகுதியிலிருந்து வரும் ‘சோட்டு தாதா’ என்ற குள்ள நடிகரின் சிரிப்புப் படங்களைச் செல்போனில் கோடிக்கணக்கானவர்கள் பார்க்கிறார்கள். நம் ஆனேக்கல் தறிக்கூடத்து நண்பரும் அவற்றைப் பார்த்துத்தான் ஷபீக்கின் படத்துக்கு வந்து சேர்ந்தார்.

மூன்று விரல்

அந்த நண்பரின் வாய் முழுதாகத் திறக்கவில்லை என்று சொன்னேன் அல்லவா? ஷபீக் எப்படி இறந்தார் என்று நான் தெரிந்துகொண்ட பிறகு அந்த ஞாபகம் என்னை உறுத்தியது. அவர் கன்னத்தில் எப்போதும் ஒரு பொட்டலம் இருக்கும் என்பது எனக்குத் தெரியும். கர்நாடகாவிலும் 2013-ம் ஆண்டே குட்காவுக்குத் தடை வந்துவிட்டது. ஆனாலும் பாக்குத் தூள் ஒரு பொட்டலமாகவும் புகையிலை இன்னொரு பொட்டலமாகவும் கிடைத்தால், வாயில் போட்டு மெல்லும்போது இரண்டும் ஒன்றுதானே!

டீக்கடையில் அவரிடம் ஷபீக்கின் முடிவைச் சொன்னேன். கேட்டுக்கொண்டே இருந்தார்.

“அந்த சூப்பர்மேனா செத்துட்டான்?”

“ஆமாம். வாயில புத்து.”

சிறிது நேரம் பேசவில்லை. பிறகு, “இப்பல்லாம் காரம் தாங்கலைண்ணா. சோத்துல மொளகா பட்டா நெருப்பாட்டம் எரியுது” என்றார்.

மூன்று விரலை ஒன்றன் கீழ் ஒன்றாக நிறுத்தி வாய்க்குள் விட்டுப் பார்க்கச் சொன்னேன். நல்ல வாயில் மூன்று விரல் நுழைய வேண்டும். அவருக்கு இரண்டு விரல்கூடச் சிரமப்பட்டது.

மறுநாளே வா என்றால் வரவில்லை. கூலி போய்விடும் என்றார். அடுத்த வாரம் என்றார். அதற்கடுத்த வாரம் என்றார். உண்மையில் கூலி காரணமல்ல. டாக்டர் என்ன சொல்லுவாரோ என்ற பயம்தான். பயப்படுகிறவரிடம் புத்திமதி பேசிப் பயனில்லை என்று, கடைசியில் நான் வேறு விதமாகச் சொன்னேன்.

“வர்ற பொங்கலுக்கு அந்த மேஸ்திரி இருமல் வேணும். வாய் திறக்கலைன்னா எப்படி இருமுவே?”

அதற்குச் சிரித்தார். வந்தார்.

பெங்களூர் ஓசூர் ரோட்டில், டெய்ரி சர்க்கிள் பக்கம், கித்வாய் புற்றுநோய் ஆஸ்பத்திரி இருக்கிறது. 1973-ம் ஆண்டிலிருந்து நடக்கும் ஆஸ்பத்திரி. அரசு உதவியுடன் ஏழைகளுக்கு வைத்தியம் செய்கிறது. ஓசூர், கிருஷ்ணகிரி, தர்மபுரிப் பக்கத்து ஜனங்கள் அங்கே நிறைய வருகிறார்கள். வரிசையில் நின்றபோது காதில் விழுந்த பேச்சில் பாதி தமிழ்.

டாக்டர் பார்த்தார். புற்று இல்லை. ஆனால் கன்னத்தின் உட்சதை நாராக இறுகத் தொடங்கிவிட்டது, இது புற்றாக மாறக் கூடியது, பொட்டலத்தை இன்றோடு நிறுத்த வேண்டும் என்றார். வாயை விரிக்கும் பயிற்சியும் மருந்தும் கொடுத்து, மறுபடி வந்து காட்டச் சொன்னார். இறுகிய சதை பழையபடி ஆகிவிடும் என்று அவர் வாக்குக் கொடுக்கவில்லை.

நண்பர் நிறுத்தி நான்கு மாதம் ஆகிறது. நடுவில் இரண்டு முறை தவறினாராம். அதையும் அவரே வந்து சொன்னார். இரவு ஷிப்டில் இப்போது வறுத்த கடலை மெல்லுகிறார். கடலையும் எரிகிறதாம். ஆனாலும் மெல்லுகிறார்.

வாசகர்களுக்கு ஒரு வார்த்தை

பொம்மசந்திரா, ஜிகனி, அத்திப்பள்ளித் தொழிற்பேட்டைகளில் வேலை செய்யும் நம் தோழர்கள் பலருக்குக் கன்னத்தில் பொட்டலம் உண்டு. ஆபீசில் உட்காரும் எங்களைப் போன்ற குமாஸ்தாக்களுக்கும் உண்டு. வாயில் வெள்ளையாகவோ சிவப்பாகவோ திட்டு, இரண்டு வாரம் ஆகியும் ஆறாத புண், காரம் தாங்காத எரிச்சல், வாய் திறக்க முடியாத இறுக்கம் – இவற்றில் எது இருந்தாலும் டாக்டரிடம் காட்டுங்கள். வலி இல்லையே என்று இருந்துவிடாதீர்கள். இந்த நோய் தொடக்கத்தில் பெரும்பாலும் வலிப்பதில்லை. ஆரம்பத்திலேயே கண்டுபிடித்தால் பிழைக்க வழி உண்டு.

ஷபீக் ஷேக்கின் சினிமா வாழ்க்கையைக் கணக்கெழுதினால் ஒரு வரிதான் வரும். சின்ன ஊர், சின்னப் படம், ஒரு வேஷம். அவர் பம்பாய்க்குப் போய்ப் பெயர் வாங்கவில்லை, பணம் சம்பாதிக்கவில்லை. ஆனால் குண்டு வெடித்த ஊரில் ஜனங்களைச் சிரிக்க வைத்தார். தறிக்காரனும் பறக்கலாம் என்று காட்டினார். அதை யாரும் சின்னது என்று சொல்ல முடியாது. அவரைப் போன்ற சின்ன நடிகர் ஒருவர் நம் ஒவ்வொரு தறிக்கூடத்திலும் ஒவ்வொரு ஷிப்டிலும் இருக்கிறார். கோடம்பாக்கம் அவரைத் தேடி வராது. அவரைப் பார்த்துக்கொள்ள வேண்டியவர்கள், அவரைப் பார்த்துச் சிரிக்கிற நாம்தான்.

பொங்கலுக்கு இன்னும் நாள் இருக்கிறது. நண்பர் இப்போதே பயிற்சி தொடங்கிவிட்டார். நேற்று ஸ்டேஷன் பக்கம் வந்தவர், மேஸ்திரி இருமலை இருமிக் காட்டினார். பழைய சத்தம் வரவில்லை; கொஞ்சம் அடங்கி வந்தது.

“எப்படிண்ணா இருக்கு?” என்று கேட்டார்.

“மேஸ்திரிக்கு வயசாயிடுச்சு போல” என்றேன்.

சிரித்தார். இரண்டு விரல் தாராளமாக நுழையும் அளவுக்கு வாய் திறந்தது.